வில்லாபுரத்தில் ஆண்டீஸ்

ஹாலாஸ்யம் தன் ஆயுளில் ஏறிய மலை ஒன்றே ஒன்று. கொடைக்கானல். அதுவும் பஸ்ஸில். வத்தலக்குண்டு தாண்டி மூன்றாவது வளைவில் ஆரம்பித்த வாந்தி மேலே போய்ச் சேரும்வரை நிற்கவில்லை. ஏரியைக்கூடப் பார்க்காமல் லாட்ஜில் படுத்துக் கிடந்துவிட்டு மறுநாள் இறங்கி வந்துவிட்டார். இருபத்தெட்டு வருஷம் ஆகிறது. இன்றைக்கும் அந்தப் பேச்சை எடுத்தால், "அன்னிக்குச் சாப்பிட்ட இட்லி சரியில்லை" என்பார்.

இப்படிப்பட்ட மனிதரிடம் போய் உலகத்தில் எந்த மலை எங்கே இருக்கிறது என்று கேட்டுவிட்டால், அரை மணி நேரத்துக்கு எழுந்திருக்க முடியாது. காகசஸ் கருங்கடலுக்கும் காஸ்பியனுக்கும் நடுவே கிடக்கிறது என்பார். யூரல் ரஷ்யாவுக்குள்ளே வடக்கு தெற்காக ஓடி ஐரோப்பாவையும் ஆசியாவையும் பிரிக்கிறது என்பார். ஆஸ்திரேலியாவின் மலைத்தொடர் கிழக்குக் கரையை ஒட்டித்தான் போகிறது, அதனால்தான் மழை உள்நாட்டுக்குப் போவதில்லை என்று அந்த ஊர் விவசாயிக்காக வேறு வருத்தப்படுவார். கேட்டவர் பாவம், கரண்ட் பில் கட்டப் போகிற வழியில் ஒரு வார்த்தை கேட்டிருப்பார்.

அவர் பார்த்த உத்தியோகமோ இதற்கு நேர் எதிர். நில அளவைத் துறையில் சர்வேயர். முப்பத்து நான்கு வருஷம் மதுரையைச் சுற்றியுள்ள சமதரையை அளந்தார். பரவையில் வயல், அவனியாபுரத்தில் பிளாட், வில்லாபுரத்தில் சந்து. இரண்டு அங்குல வரப்புக்காக அண்ணனும் தம்பியும் மண்வெட்டியை ஓங்கிக்கொண்டு நிற்பார்கள். இவர் நடுவே சங்கிலியைப் பிடித்துக்கொண்டு, "கொஞ்சம் தள்ளி நின்னு அடிச்சுக்கோங்கோ, அளவு தப்பிடும்" என்பார். மத்தியானம் தயிர்சாதத்தைச் சாப்பிட்டுவிட்டு, ஆபீஸில் யாரும் சீண்டாத பழைய அட்லஸை எடுத்து விரிப்பார். மலையைக் காட்டும் பழுப்பு நிறம் எங்கே அடர்த்தியோ அங்கே விரலை வைத்துத் தடவிக்கொண்டிருப்பார். பனி மூடிய ஒரு மலைக்கு எதிரே ஒரு தடவையாவது நின்றுவிட வேண்டும் என்று ஆசை. அந்த ஆசை ஓய்வு பெற்ற பிறகும் நிறைவேறவில்லை.

வீட்டு மொட்டை மாடியில் நின்றால் மேற்கே பசுமலையும் நாகமலையும் தெரியும். வடகிழக்கே யானைமலை படுத்திருக்கும். "அதெல்லாம் பாறை. மலைன்னா தொடரா வரணும்" என்று ஒரே வார்த்தையில் தள்ளிவிடுவார். கண்ணெதிரே இருப்பதை இப்படி அலட்சியம் செய்கிற புத்தி அவருக்கு உண்டு. அதற்குரிய தண்டனையும் பிற்பாடு வந்தது.

இந்த மலைப்பித்து வெளியே வந்த ஒரே இடம் நவராத்திரிக் கொலு. படி கட்டுவதும் பொம்மை அடுக்குவதும் அவர் மனைவி தர்மாம்பாளின் இலாகா. படிக்குப் பக்கத்தில் தரையில் மலை கட்டுவது இவர் இலாகா. மற்ற வீடுகளில் சாக்கைச் சுருட்டிப் போட்டு, உச்சியில் ஒரு முருகனை நிறுத்தி, மலை என்று சொல்லிவிடுவார்கள். ஹாலாஸ்யம் அப்படி விடமாட்டார். வருஷத்துக்கு ஒரு மலைத்தொடர், அளவு போட்டு, திசை பார்த்து, சாங்கோபாங்கமாகக் கட்டுவார்.

முதன்முதலில் கட்டியது இமயமலை. மகள் ஸ்ரீஜா அப்போது இரண்டாம் வகுப்பு. பனிக்குக் கோலப்பொடியைத் தூவி, அழகுக்கு இருக்கட்டும் என்று பிளாஸ்டிக் பென்குவின் ஒன்றை எவரெஸ்டுக்குக் கீழே நிறுத்தியிருந்தார். சுண்டலுக்கு வந்த மாமிகள் எல்லாரும் பிரமாதம் என்றார்கள். ஸ்ரீஜா மட்டும் இடுப்பில் கை வைத்துக்கொண்டு, "அப்பா, பென்குவின் சவுத் போல்ல இருக்கிறதுன்னு மிஸ் சொன்னா. இங்கே எப்படி வந்தது? பஸ்ல வந்துதா?" என்று கேட்டாள். கூடத்தில் இருந்த அத்தனை பேரும் சிரித்தார்கள். ஹாலாஸ்யத்துக்கு முகம் சிவந்தது. ஆனால் அன்று ராத்திரியே அவருக்குக் குஷியான ஒரு யோசனையும் வந்துவிட்டது.

அடுத்த வருஷம் முதல் வேண்டுமென்றே ஒரு தப்பை மலைக்குள் வைத்தார். காகசஸைக் கட்டி இரண்டு கடல்களையும் இடம் மாற்றினார். ஆஸ்திரேலிய மலையை மேற்குக் கரையில் கட்டினார். விஜயதசமி சாயங்காலம் ஆரத்தி எடுத்து, கொலு முடிந்ததற்கு அடையாளமாக ஒரு பொம்மையைப் படுக்க வைப்பார்கள் அல்லவா? அதற்குள் ஸ்ரீஜா கண்டுபிடித்துச் சொல்ல வேண்டும். தோற்றவர் அடுத்த வருஷத்துக்கு விளாச்சேரியில் புதுப் பொம்மை வாங்க வேண்டும். வாங்கினால் மட்டும் போதாது, தோற்றவர் தன் கையாலேயே அதை நடுப்படியில் வைக்க வேண்டும். இது அப்பாவும் பெண்ணும் போட்டுக்கொண்ட சட்டம். பதினெட்டு வருஷத்தில் ஸ்ரீஜா ஒரு தடவைகூடத் தோற்கவில்லை. விளாச்சேரிக்கு பஸ் ஏறியவர் எப்போதும் ஹாலாஸ்யம்தான். தோற்றதில் அவருக்கு இருந்த பெருமை, ஜெயித்தவளுக்குக்கூட இருந்திருக்காது.

அந்தப் பெண் ஜியாலஜி படித்தாள். பிறகு மேல் ஆராய்ச்சிக்கு எங்கெங்கோ எழுதிப் போட்டாள். சிலி நாட்டில் சாண்டியாகோ என்ற ஊரில் இடம் கிடைத்தது. ஆண்டீஸ் மலையின் பனியாறுகள் வருஷத்துக்கு எவ்வளவு சுருங்குகின்றன என்று அளக்கிற வேலை. வீட்டில் வந்து இரண்டு மூன்று தடவை சொன்னாள். ஹாலாஸ்யம் காதில் வாங்கவில்லை. அந்தச் சமயத்தில் அவர் காது முழுக்கப் பெங்களூர் மாப்பிள்ளை ஸ்ரீகுமாரின் ஜாதகம் நிறைந்திருந்தது. அவளைக் கேட்காமலே நிச்சயதார்த்தத்துக்குத் தேதி குறித்து, மண்டபத்துக்கும் சொல்லிவிட்டார்.

"என்னை ஒரு வார்த்தை கேட்டிருக்கலாமேப்பா" என்றாள் ஸ்ரீஜா.

"இதெல்லாம் கேட்டுண்டா செய்வா?"

நிச்சயத்துக்கு எட்டு நாள் இருக்கையில் அவள் கிளம்பிப் போனாள். சென்னை ஏர்போர்ட்டிலிருந்து போன் செய்தாள். பேசிப் பேசி முற்றி, கடைசியில் ஹாலாஸ்யம் சொன்னார்: "நன்னா போ. அந்த மலையையே கட்டிண்டு அழு. இனிமே எனக்குப் போன் பண்ணாதே."

அவள் பண்ணவில்லை. அவளும் அவருக்குப் பிறந்தவள்தானே.

ஐந்து வருஷம் ஆகிவிட்டது. ஞாயிற்றுக்கிழமை தவறாமல் அம்மாவுக்குப் பேசுவாள். தர்மாம்பாள் காது நன்றாகவே கேட்கிறவள், ஆனாலும் போனை ஸ்பீக்கரில் போட்டுத்தான் பேசுவாள். ஹாலாஸ்யம் பக்கத்து அறையில் பேப்பரை விரித்துக்கொண்டு உட்கார்ந்திருப்பார். அரை மணி நேரமும் ஒரே பக்கம்தான் விரிந்திருக்கும். ஸ்ரீஜா குளிர் என்பாள், நாலாயிரம் மீட்டர் உயரத்தில் கூடாரம் போட்டுத் தங்கியதைச் சொல்வாள், விடியும்போது பனி ரோஜா நிறத்தில் தெரிந்தது என்பாள். இவர் அட்லஸில் விரலால் தடவிய இடத்தில் அவள் காலை வைத்து நடந்துகொண்டிருந்தாள். தன் கோபத்தில் பாதி பொறாமைதான் என்று அவருக்கு மூன்றாம் வருஷமே தெரிந்துவிட்டது. தெரிந்து என்ன செய்ய? வாய்விட்டுச் சொல்ல ஆள் வேண்டுமே.

இத்தனைக்கும் நடுவில் மலை கட்டுவதை அவர் நிறுத்தவில்லை. தப்பு வைப்பதையும் நிறுத்தவில்லை. ஒரு வருஷம் யூரல், மறு வருஷம் அட்லஸ் மலை, பிறகு மறுபடி இமயமலை. ஆண்டீஸை மட்டும் கட்டவில்லை. தர்மாம்பாள் தினமும் கொலுவை வீடியோ எடுத்து மகளுக்கு அனுப்புவாள். தப்பு வீடியோவில் பளிச்சென்று தெரிகிற மாதிரி ஹாலாஸ்யம் விளக்கை நகர்த்தி வைப்பார். அங்கிருந்து, "நன்னாருக்கும்மா" என்று ஒரு வரி வரும். அவ்வளவுதான். விஜயதசமியன்று பொம்மையைப் படுக்க வைக்கும்போது ஒவ்வொரு வருஷமும் அவர் ஒருமுறை போனைத் திரும்பிப் பார்ப்பார். அவள் பார்க்கவில்லை, அல்லது மறந்துவிட்டாள் என்று நினைத்துக்கொள்வார். இரண்டில் எது தேவலை என்று அவரால் முடிவு செய்ய முடியவில்லை.

இந்த வருஷம் மகாளய அமாவாசைக்கு நாலு நாள் முன்னால், பரவையிலிருந்து பேயாண்டி ஸ்கூட்டரில் வந்து இறங்கினார். அந்தக் காலத்தில் ஹாலாஸ்யம் அளந்து கொடுத்த வயலுக்குச் சொந்தக்காரர். அப்போது 'சார்' என்று கூப்பிட ஆரம்பித்தவர், இப்போது 'அண்ணே' என்கிறார். வருஷா வருஷம் மலைக்குக் கண்மாய் வண்டல் கொண்டு வருவது அவர்தான்.

"எம்புட்டு மண்ணுண்ணே வேணும் இந்தத் தடவ?"

"ஆறு மூட்டை."

"ஆறா? போன வருசம் ரெண்டு தானே கேட்டீக?"

"இது பெரிசு பேயாண்டி. ஆண்டீஸ். தென் அமெரிக்காவோட மேற்கு ஓரம் பூரா இதுதான். ஏழாயிரம் கிலோமீட்டர். தரைமேல இதைவிட நீளமான மலைத்தொடர் கிடையாது."

பேயாண்டி துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டார். "நம்ம பாப்பா இருக்கிற மலையா?"

ஹாலாஸ்யம் ஸ்கேலை எடுத்துத் தரையில் வைத்து அளக்க ஆரம்பித்தார்.

"நான் படிக்காதவன், தப்பா எடுத்துக்கிறாதீக. பிள்ளைய வாம்மான்னு கூப்பிட ஒரு போனு போதும். அதுக்கு எதுக்குண்ணே ஆறு மூட்ட மண்ணு?"

"நீர் மண்ணைக் கொண்டு வாரும்" என்றார் ஹாலாஸ்யம். குரல் கொஞ்சம் உயர்ந்துவிட்டது.

"கோவிச்சுக்கிறாதீக. நாளைக்கே கொண்டு வாரேன்" என்று பேயாண்டி வண்டியை உதைத்தார். அவர் போன பிறகு ஹாலாஸ்யம் போனை எடுத்து ஸ்ரீஜாவின் எண்ணைத் தேடி எடுத்து வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். திரை அணைந்தது, தட்டினார். மறுபடி அணைந்தது. கூப்பிட்டால் முதல் வார்த்தை என்ன சொல்வது? அதற்குமேல் அவருக்கு ஓடவில்லை.

ஆயிரம் கிலோமீட்டருக்கு ஓர் அடி என்று கணக்குப் போட்டார். மொத்தம் ஏழு அடி. கூடத்தில் இடம் போதாமல், மலையின் வால் பூஜை அறை வாசல்வரை போனது. தினமும் பூஜைக்குப் போகும்போது சிலி நாட்டைத் தாண்டித்தான் போக வேண்டும் என்று தர்மாம்பாள் முணுமுணுத்தாள். ஆனாலும் முளைப்பாரிக்குப் போடுகிற மாதிரி கேழ்வரகைத் தூவித் தண்ணீர் தெளித்துக் கொடுத்தாள். அது முளைத்து மலைக்குக் கிழக்கே அமேசான் காடானது. உயரத்தில் இருக்கும் டிட்டிகாக்கா ஏரிக்கு உடைந்த முகக்கண்ணாடித் துண்டு. அட்டகாமா பாலைவனத்துக்கு ஆற்று மணல். விளாச்சேரி ஆட்டுப் பொம்மைக்குக் களிமண்ணால் கழுத்தை நீட்டி லாமா ஆக்கினார். உச்சிகளுக்கு எப்போதும்போல் கோலப்பொடி. அர்ஜென்டினா பக்கம் அகோன்காகுவா சிகரத்தைத் தூக்கிக் கட்டி, அதற்குத் தென்மேற்கே அடிவாரத்தில் ஒரு சிவப்புக் குன்றிமணியைப் பதித்தார். அதுதான் சாண்டியாகோ. தன் பெண் வீட்டின் இடத்தை அளக்க ஸ்கேலை நாலு தடவை வைத்துப் பார்த்தார். வயல்காட்டில் யாருக்கும் அவர் அப்படி அளந்தது கிடையாது.

பாக்கி இருந்தது பசிபிக் கடல். இந்த வருஷத் தப்பு அதுதான் என்று முன்னமே தீர்மானம் செய்து வைத்திருந்தார். மேற்கே இருக்க வேண்டிய கடலைக் கிழக்கே கொண்டுபோய் வைத்துவிடுவது. குருடன்கூடச் சொல்லிவிடுவான், ஸ்ரீஜா சொல்லாமலா இருப்பாள்? நீலக் கோலப்பொடியை ஒரு பிடி அள்ளிக் கையில் வைத்துக்கொண்டு மலைக்கு முன்னால் குத்துக்காலிட்டு உட்கார்ந்தார்.

கை போகவில்லை.

அந்தச் சமயத்தில் தாழ்வாக ஒரு விமானம் வீட்டுக்கு மேலே இரைந்துகொண்டு அவனியாபுரம் பக்கம் இறங்கியது. ஜன்னல் கம்பி அதிர்ந்தது. ஐந்து வருஷமாக ஒவ்வொரு விமானத்துக்கும் அவர் தலை தானாக நிமிரும், இப்போதும் நிமிர்ந்தது. பிறகு குனிந்து அந்தக் குன்றிமணியைப் பார்த்தார். இந்த மலையைத்தானே கட்டிக்கொண்டு அழு என்று சொன்னோம். ஆசைப்பட்டுப் போன பெண்ணிடம் சொல்கிற வார்த்தையா அது? இதிலும் விளையாட்டுக்கென்று ஒரு கோணலைச் செய்ய வேண்டுமா? அவளுடைய மலை இது. இதாவது நேராக இருக்கட்டும் என்று தோன்றியது. நீலப்பொடியை மேற்கே தூவினார். தூவி முடித்ததும் கண்ணில் நீர் வந்துவிட்டது. ஆட்டத்தை அவரே முடித்துவிட்டாரே. இனி அவள் கண்டுபிடிக்கவும் எதுவும் இல்லை, சொல்லவும் எதுவும் இல்லை.

"ஏன்னா, இந்த வருஷம் என்ன தப்பு வெச்சிருக்கேள்?" என்று வாசற்படியில் நின்று தர்மாம்பாள் கேட்டாள். அவளுக்கு எல்லாம் தெரியும். தெரிந்த மாதிரி காட்டிக்கொண்டதில்லை.

"வைக்கலை."

அவள் மேற்கே கிடந்த நீலப்பொடியைப் பார்த்தாள். பிறகு சுண்டலுக்குக் கடலை ஊறப்போட உள்ளே போய்விட்டாள்.

நவராத்திரி நடந்தது. மாமிகள் வந்தார்கள், பாடினார்கள், வெற்றிலை பாக்கு வாங்கிக்கொண்டார்கள். லாமாவை ஒட்டகக்குட்டி என்றார்கள். வழக்கம்போல் தர்மாம்பாள் தினம் ஒரு வீடியோ அனுப்பினாள். முதல் நாள், "நன்னாருக்கும்மா" வந்தது. இரண்டாம் நாள் ஒரு விசித்திரம். "வடக்கு மூலையைக் கொஞ்சம் கிட்டத்தில் எடுத்து அனுப்பு" என்று வந்தது. நாலாம் நாள், "ஏரிப் பக்கம் திரும்பி எடு." ஆறாம் நாள், "பூஜை ரூம் வாசல்கிட்ட மலை முடியற இடம்." தர்மாம்பாள் போனைத் தூக்கிக்கொண்டு மலையைச் சுற்றிச் சுற்றி வந்தாள். ஹாலாஸ்யத்திடம் எதற்கென்று சொல்லவில்லை. அவரும் விளக்கை நகர்த்தி வைக்கவில்லை. ஜன்னல் ஓரம் நாற்காலியைப் போட்டுக்கொண்டு தெருவைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

விஜயதசமி சாயங்காலம் ஆரத்தி எடுத்தாயிற்று. தர்மாம்பாள் மேல்படியிலிருந்து மரப்பாச்சியை எடுத்துக் கணவர் கையில் கொடுத்தாள். "படுக்க வையுங்கோ" என்றாள். ஹாலாஸ்யம் வாங்கிக்கொண்டார். குனியப் போனார். அலமாரிமேல் இருந்த அவருடைய போன் அடித்தது.

சரவணா ஸ்டோர்காரன் ஏதாவது ஆபர் சொல்வான் என்று அலட்சியமாகத்தான் எடுத்தார். திரையில் ஸ்ரீஜாவின் பெயர். காதில் வைத்தார்.

"அப்பா, பொம்மையைப் படுக்க வெச்சாச்சா?"

"இல்லை" என்றார். "கையில வெச்சிண்டிருக்கேன்."

"ஒரு நிமிஷம் இருங்கோ, வைக்காதேங்கோ." மூச்சு வாங்குகிற குரல். அங்கே காலைப் பத்து மணி இருக்கும். "எனக்குக் கிடைக்கலைப்பா. ஒன்பது நாளா தேடறேன். கடல் சரியா இருக்கு, பாலைவனம் சரியா இருக்கு, அகோன்காகுவா அர்ஜென்டினாவுலதான் இருக்கு. லாமாகூட சரி. கூட வேலை பார்க்கிறவாகிட்டல்லாம் காட்டிட்டேன். இங்கேயே பிறந்து வளர்ந்தவா, அவாளுக்கும் கிடைக்கலை. எங்கேப்பா வெச்சிருக்கேள்?"

ஹாலாஸ்யம் போனை இன்னொரு காதுக்கு மாற்றிக்கொண்டார். "நீ… மத்த வருஷமெல்லாம் பார்த்தியா?"

"பார்க்காம? யூரல்ல ஐரோப்பாவையும் ஆசியாவையும் மாத்தி வெச்சிருந்தேள். அட்லஸ் மலைக்கு வடக்கே சஹாராவைக் கொட்டியிருந்தேள். கே-டூவைத் தூக்கி இமயமலையில வெச்சேள், அது காரகோரத்துல இருக்கு. ராக்கீஸ்ல லாமா மேஞ்சுது. போன வருஷம் மோன் பிளாங் சிகரத்தை ஆஸ்திரியாவுக்குத் தள்ளிண்டு போயிட்டேள். எல்லாம் முதல் நாளே தெரிஞ்சுடுத்து."

"தெரிஞ்சும் ஏண்டி சொல்லலை?"

"போன் பண்ணாதேன்னு சொன்னேளே."

தர்மாம்பாள் சேலைத் தலைப்பை வாயில் வைத்துக்கொண்டு நின்றாள்.

"இந்தத் தடவை தோத்துட்டேனோன்னு பயம் வந்துடுத்து. அதான் பண்ணிட்டேன்" என்றாள் ஸ்ரீஜா. "சொல்லுங்கோ, எங்கே இருக்கு?"

அவர் நினைத்திருந்தால் ஏதாவது ஒன்றைச் சொல்லியிருக்கலாம். ஏரி ரெண்டு அங்குலம் தள்ளிப் போச்சு என்றால் அவள் நம்பியிருப்பாள். தோற்றவர் என்ன செய்ய வேண்டும் என்று இரண்டு பேருக்கும் தெரியும். ஆனால் முப்பத்து நான்கு வருஷத்தில் ஒரு வரப்பைக்கூடப் பொய்யாக அளக்காத மனிதர் அவர்.

"இல்லைடி கொழந்தே" என்றார். "இந்த வருஷம் ஒண்ணுமே வைக்கலை. உன் மலையாச்சே, மனசு வரலை. அன்னிக்கு நான் சொன்னது ரொம்ப அதிகம். அதை எப்படித் திருப்பி எடுத்துக்கிறதுன்னு தெரியாம அஞ்சு வருஷம் மண்ணைப் பிசைஞ்சிண்டிருக்கேன். நீ ஒண்ணும் தோக்கலை."

அந்தப் பக்கம் மூக்கை உறிஞ்சுகிற ஓசை கேட்டது.

"அதெல்லாம் கிடையாது" என்றாள் கடைசியில். "தேடினேன், கிடைக்கலை. தோத்தது தோத்ததுதான். அடுத்த கொலுவுக்குப் பொம்மை என்னோடது."

"பார்சல்ல அனுப்பினா செல்லாது."

"ரூல் தெரியும்ப்பா. நான்தான் வந்து வைக்கணும்."

போனை வைத்த பிறகு ஹாலாஸ்யம் மரப்பாச்சியைப் படுக்க வைத்தார். பிறகு நடுப்படிக்கு முன்னால் போய் நின்று, செட்டியார் பொம்மையை இடப்பக்கம் ஓர் அங்குலம் நகர்த்தினார். தசாவதாரத்தை வலப்பக்கம் ஒதுக்கினார். நடுவில் ஒரு ஜாண் இடம் காலியாயிற்று. ஸ்கேலை வைத்து அளந்து பார்த்தார். விடிந்தால் கலைக்கப் போகிற கொலுவில் இப்போது எதற்கு இடம் ஒதுக்குகிறீர்கள் என்று தர்மாம்பாள் கேட்கவில்லை. அவளும் பக்கத்தில் வந்து நின்று, கல்யாண செட்டை இன்னும் கொஞ்சம் தள்ளி வைத்தாள்.